அடங்கலில் ‘தரிசு’ என்று எழுதிய மை: பழனி மலைக் கதைக்கு விதி கேட்கிறேன்

மலைப்பூண்டு

வணக்கம் எல்லோருக்கும். ஒரு குறுநாவல் எழுதிக்கொண்டிருக்கிறேன். பாதியில் நிற்கிறது. காரணம், அதில் வரும் ஒரு மை.

கதை நடப்பது கொடைக்கானலைத் தாண்டி, பூம்பாறை, மன்னவனூர் பக்கத்து மலைக்கிராமம் ஒன்றில். அந்த ஊர்க் கணக்கு எழுதும் கர்ணம் வீட்டில் பரம்பரையாக ஒரு மை காய்ச்சுகிறார்கள். கடுக்காய், அன்னபேதி, கருவேலம் பிசின், இவற்றோடு குறிஞ்சித் தேன். பன்னிரண்டு வருடத்துக்கு ஒருமுறை, குறிஞ்சி பூக்கும்போது மட்டும்தான் காய்ச்ச முடியும். அந்த மையால் ஊர்க் கணக்கில் எழுதியது நடந்ததாகிவிடும். சும்மா கிடந்த நிலத்துக்கு நேரே ‘பூண்டு’ என்று எழுதினால் விடிந்ததும் அங்கே பூண்டு நிற்கும். நேற்று ஊன்றிய பூண்டு இல்லை, அறுவடைக்கு வந்த நாலு மாதப் பயிர். ஊன்றிய கூலியாளுக்கு ஊன்றியது ஞாபகம் இருக்கும். அவள் நகக்கண்ணில் அந்த மண்ணும் இருக்கும்.

1970 குறிஞ்சியில் காய்ச்சிய மையை வைத்து, கர்ணமாக இருக்கும் தாத்தா ஒரு நாள் இரவு அடங்கல் எழுதுகிறார், அதாவது எந்த நிலத்தில் என்ன பயிர் என்கிற ஊர்க் கணக்கு. மண்ணெண்ணெய் விளக்கு, வெளியே மூடுபனி, தூக்கக் கலக்கம். ஒரு வரி தவறி, பயிர் நின்ற நிலத்துக்கு நேரே ‘தரிசு’ என்று எழுதிவிடுகிறார். காலையில் அந்த நிலத்தில் வீடு இல்லை. அதில் குடியிருந்த ஐந்து பேரும் இல்லை. ஊரில் யாரைக் கேட்டாலும் அப்படி ஒரு குடும்பமே இங்கே இருந்ததில்லை என்கிறார்கள். தாத்தாவுக்கு மட்டும் தெரியும், அந்த வீட்டுக் கடைசிப் பையனுக்கு இடது காது மடலில் ஒரு வெட்டு இருந்தது என்று.

இதற்கு மேல் பேனா நகரவில்லை. மறுநாளே திருத்தி எழுத வேண்டியதுதானே என்று யாராவது கேட்டால் என்னிடம் பதில் இல்லை. மைக்கு விதி வேண்டும். மனதில் பட்டதைச் சொல்லுங்கள்.

கடுக்காய்க்கஷாயம்

நான் வீட்டில் மை காய்ச்சுகிற ஆள். உங்கள் சேர்மானம் அப்படியே நிஜம், தேன் உட்பட. தேன் சேர்த்தால் மை சீக்கிரம் காய்ந்து வெடிக்காது.

விதியை வெளியே தேடாதீர்கள். இந்த மைக்குள்ளேயே இருக்கிறது. கடுக்காயில் டானின் இருக்கிறது, அன்னபேதியில் இரும்பு இருக்கிறது. புதிதாகச் சேர்த்த மையால் எழுதினால் முதலில் எழுத்து வெளிறித் தெரியும், மழைத் தண்ணீரில் சாம்பலைக் கரைத்தது மாதிரி. பிறகு காற்றுப் படப்பட இரும்பு மாறும், எழுத்து கறுக்கும். எழுதியவர் கையை எடுத்த பிறகும் மை வேலை செய்துகொண்டிருக்கிறது. மறுநாள் பார்த்தால் நேற்று எழுதியதைவிடக் கறுப்பாக இருக்கும். முதல் தடவை இதைப் பார்த்தபோது எனக்கு மயிர்க்கூச்செறிந்தது.

அதனால் என் யோசனை: எழுத்து வெளிறியிருக்கும் வரை இரண்டு உலகமும் பக்கத்தில் பக்கத்தில் இருக்கட்டும். கறுத்துவிட்டால் ஒன்றுதான். தாத்தா எழுதிவிட்டுத் தூங்கிவிட்டார், விடியும்போது கறுத்துவிட்டது. அவ்வளவுதான்.

இன்னொன்று. இந்த மையின் கறையைப் போக்க எலுமிச்சம் பழம் போதும். புளிப்பு அந்தக் கறுப்பைக் கரைத்துவிடும். மாந்திரீகத்தில் எலுமிச்சைக்கு இருக்கிற இடம் உங்களுக்கே தெரியும். இரண்டும் ஒரே இடத்தில் வந்து நிற்கிறது, விட்டுவிடாதீர்கள்.

மூன்றாவது விஷயம் கொஞ்சம் பயமானது. இந்த மை காகிதத்தைத் தின்னும். அதிலுள்ள அமிலமும் இரும்பும் சேர்ந்து, பல வருடம் கழித்து எழுத்திருந்த இடத்தில் காகிதம் பழுத்து, நொறுங்கி, எழுத்தின் வடிவத்திலேயே ஓட்டை விழும். பழைய ஆவணம் பாதுகாக்கிறவர்களின் பெரிய தலைவலி இது. உங்கள் கதையில் அந்த ஓட்டை என்ன செய்யும்?

மலைப்பூண்டு

படித்துவிட்டு எழுந்து வீட்டுக்குள் நடந்துகொண்டே இருந்தேன். வெளிறல், கறுப்பு, ஓட்டை. மூன்றும் எனக்கு வேண்டும். ஆனால் ஒரு சந்தேகம். கறுத்த பிறகு அதே வரியில் மறுபடி ‘பூண்டு’ என்று எழுதினால்?

கடுக்காய்க்கஷாயம்

ஒரு பூப்புக்கு ஒரு வரி ஒரு தடவைதான் மையை ஏற்கும் என்று வையுங்கள். அடுத்த பூப்பில் காய்ச்சிய மை வந்தால்தான் அந்த வரி மறுபடி திறக்கும். குறிஞ்சிச் செடியே அப்படித்தானே. பன்னிரண்டு வருடம் வளர்ந்து, ஒரே ஒரு முறை பூத்து, விதை விட்டுச் செத்துப்போகிறது. அதே செடியில் இரண்டாவது பூ கிடையாது.

பழைய_கணக்கு

கிராம நிர்வாக அலுவலராக இருந்து ஓய்வு பெற்றவன். பெரும்பாலும் மலைக்கிராமங்களில்தான் வேலை. இந்த இழையைப் பேத்தி காட்டினாள். சில விஷயங்கள் சொல்ல வேண்டும் போல இருந்தது.

முதலில் சின்னத் திருத்தம். உங்கள் கதைக் காலத்தில் கொடைக்கானல் மதுரை மாவட்டம். திண்டுக்கல் பிரிந்தது 1985-ல்தான். அப்புறம், கணக்கு ஆங்கில வருடத்தில் ஓடாது, பசலியில் ஓடும். ஜூலை 1-ல் தொடங்கி ஜூன் 30-ல் முடியும். 1970 ஜூலையில் தொடங்குவது பசலி 1380. பூ விரிகிற காலமும் பசலியின் தொடக்கமும் ஒட்டி வருகிறது, கவனித்தீர்களா? மை பின்னோக்கிப் போகிறதென்றால் அந்தப் பசலியின் ஜூலை 1 வரைக்கும்தான் போக வேண்டும். அதற்கு முந்தைய பசலி வேறு புத்தகம், அதில் கை வைக்க முடியாது.

அடங்கல் என்பது இரண்டாம் நம்பர் கணக்கு. எந்தப் புல எண்ணில் என்ன பயிர், எவ்வளவு பரப்பு என்பதுதான் அதில் வரும். மனிதரை அழிக்கிற அதிகாரம் அந்தப் புத்தகத்துக்கு இல்லை. நிலத்தைத் தரிசாக்கலாம், அவ்வளவே. தரிசு நிலத்தில் பாடுபட ஆள் வராது. ஆகவே அந்த ஐந்து பேர் சாகவில்லை, இல்லாமலும் போகவில்லை. அந்தப் பசலியில் மலையேறி வரவில்லை, அவ்வளவுதான். அப்போதுதான் குடியேறிய குடும்பம் என்று வைத்துக்கொண்டால் கணக்கு நேராகிவிடும்.

இனி முக்கியமானது. உங்கள் கர்ணம் 1982 பூப்புக்காகக் காத்திருப்பார் இல்லையா? பூ வரும், மையும் காய்ச்சுவார். ஆனால் 1980-ல் தமிழ்நாட்டில் கர்ணம், மணியக்காரர் பதவிகளையே அரசு ஒழித்துவிட்டது. பரம்பரையாக வந்த வேலை ஒரே உத்தரவில் போயிற்று. கணக்குப் புத்தகங்களை ஒப்படைத்துவிட்டு வர வேண்டும். 1982-ல் அவர் கையில் மை இருக்கும், புத்தகம் இருக்காது.

மலைப்பூண்டு

ஐயா, கை நடுங்குகிறது. பதவி ஒழிப்பு எனக்குத் தெரியும், பூப்பு வருடங்களும் தெரியும். 1934, 1946, 1958, 1970, 1982 என்று சுவரில் எழுதியே ஒட்டியிருக்கிறேன். ஆனால் இரண்டையும் ஒன்றாக வைத்துப் பார்க்கவே இல்லை. பன்னிரண்டு வருடம் காத்திருந்த மனுஷனிடமிருந்து கடைசி இரண்டு வருடத்துக்கு முன்னால் புத்தகம் போய்விடுகிறது. கதையின் நடுப்பகுதி கிடைத்துவிட்டது. கடைசியில் கர்ணத்தின் பேத்தி வந்து எலுமிச்சையால் அந்த எழுத்தைக் கரைப்பதாக வைத்திருக்கிறேன்.

குன்னூர்_மூடுபனி

நீலகிரியிலிருந்து ஒரு குரல். எல்லாக் குறிஞ்சி வகையும் பன்னிரண்டு வருடத்துக்கு ஒருமுறை பூப்பதில்லை. இப்படிப் பெருங்கூட்டமாகப் பூக்கிற வகையிலும், வருடம் தவறி அங்கொன்று இங்கொன்று பூத்துவிடும். எங்கள் சரிவுகளில் பார்த்திருக்கிறேன், மலையே பச்சையாகக் கிடக்க, ஒரே ஒரு புதரில் நீலம். அந்தத் தப்புப் பூவின் தேனில் மை காய்ச்சினால் என்ன ஆகும்? தாத்தா 1976-லோ 77-லோ பொறுக்க முடியாமல் அதை முயன்று பார்த்திருக்கலாம். பாதி வேலை செய்த மை. நிலத்தில் வீடு திரும்ப வந்தது, உள்ளே ஆள் இல்லை.

இது மட்டும் போதும் எனக்கு, ஒரு அத்தியாயம் படித்த நிறைவு.

தேனடை

குறிஞ்சித் தேன் என்று ஒரு சொல்லில் கடந்துவிட்டீர்கள். அந்தத் தேனை யார் எடுத்துத் தருகிறார்? பழனி மலையில் தேன் என்றால் பளியர்கள். பாறை இடுக்கில் கொடி கட்டி இறங்குகிறவர்கள். பூத்த குறிஞ்சிகளை வைத்து வயதைக் கணக்கிடுகிற பழக்கம் மலைவாழ் மக்களிடம் உண்டு என்று பெரியவர்கள் சொல்லிக் கேட்டிருக்கிறேன்.

அவர்கள் பெயரில் பட்டா இல்லை, அடங்கலில் வரி இல்லை. காட்டில் இருந்தவர்கள். ஊர்க் கணக்கில் இல்லாதவர்களை ஊர்க் கணக்கின் மை எப்படித் தொடும்? ஆகவே அந்தக் குடும்பத்தை ஞாபகம் வைத்திருக்கிற ஆள் தாத்தா ஒருவர் மட்டும் இல்லை. தேன் கொண்டுவருகிற பளியரும் ஞாபகம் வைத்திருப்பார். ‘அந்த வீட்டு அம்மா எனக்குக் கடுங்காப்பி தருவாங்களே, எங்கே போனாங்க?’ என்று அவர் கேட்கிற இடத்தில் தாத்தா உடைய வேண்டும்.

ஒரே வேண்டுகோள். அவரை மந்திரம் தெரிந்த முனிவர் மாதிரி ஆக்கிவிடாதீர்கள். தேனுக்கு விலை பேசட்டும், மழைக்கு ஒதுங்கட்டும், முழங்கால் வலிக்கிறது என்று சொல்லட்டும்.

சூரியத்தட்டு

கொடைக்கானலில் வளர்ந்தவன். அந்த மலையில் காலத்தைப் பற்றி ஒரு கதை எழுதிவிட்டு வான் ஆய்வகத்தைச் சொல்லாமல் விட்டால் எனக்கு மனசு ஆறாது.

2343 மீட்டர் உயரத்தில் 1899-ல் நிறுவினார்கள். 1909-ல் எவர்ஷெட் என்ற வானியலாளர் அங்கிருந்துதான் சூரியப் புள்ளிகளில் வாயு வெளிநோக்கி ஓடுவதைக் கண்டார். அவர் பெயரிலேயே அந்த விளைவை இன்றும் சொல்கிறார்கள். 1904 முதல் சூரியனைப் படம் எடுத்து வந்திருக்கிறார்கள். வானம் தெளிந்த நாளெல்லாம் கண்ணாடித் தட்டில் ஒரு சூரியன். மேகம் மூடிய நாளில் தட்டு இருக்காது. எண்ணிப் பாருங்கள், நூறு வருடத்துக்கு மேலான நாட்குறிப்பு. அதையும் வெள்ளி உப்புதான் எழுதியது, வெளிச்சம் பட்டால் கறுக்கிற உப்பு. தேர்தலில் விரலில் வைக்கிறார்களே, அந்த மையும் வெள்ளி நைட்ரேட்தான், 1962 பொதுத்தேர்தலிலிருந்து. அதுவும் வெளிச்சம் பட்டுத்தான் கறுக்கும்.

சூரியப் புள்ளிகள் ஏறி இறங்க ஏறக்குறைய பதினொரு வருடம். குறிஞ்சிக்குப் பன்னிரண்டு. ஒரே மலையில் இரண்டு கடிகாரம், ஒன்று மேலே, ஒன்று கீழே. இரண்டும் சேர்ந்து நடப்பதே இல்லை. உங்கள் மை கீழே இருக்கிற கடிகாரத்தைத்தான் திருப்பும். சூரியன் மேல் கர்ணத்துக்கு அதிகாரம் இல்லை.

ஒரு காட்சி தோன்றுகிறது. 1970 ஜூலையின் ஒரு நாள் காலை, அந்தக் குடும்பம் மூட்டை முடிச்சோடு மலையேறி வந்தது. தாத்தாவுக்கு அந்த நாள் நன்றாக ஞாபகம் இருக்கிறது, மழைக்கு நடுவே பளிச்சென்று வெயில் அடித்த நாள். ஊரில் மற்ற எல்லோரும் அன்றைக்கு நாள் முழுக்க மழை, மலையேறி யாருமே வரவில்லை என்கிறார்கள். அந்தத் தேதிக்குத் தட்டு இருக்கிறதா என்று கேட்க அவர் பஸ் ஏறிக் கொடைக்கானல் வருகிறார். வாசல் வரை வருகிறார். கேட்காமல் திரும்பிவிடுகிறார். இருந்தால் என்ன, இல்லாவிட்டால் என்ன என்பதை அவரால் தாங்க முடியாது.

நிலா_வத்தலக்குண்டு

எல்லோரும் அழகாகச் சொல்கிறீர்கள். நான் குறுக்கே வருவதற்கு மன்னிக்கவும். ஆனால் இதைச் சொல்லாமல் இருக்க முடியவில்லை.

தாத்தா எழுதினார், தாத்தா தவித்தார், தாத்தா காத்திருந்தார். அந்த ஐந்து பேர் எங்கே? பழைய_கணக்கு ஐயா ஒரு வரி எழுதிவிட்டுப் போனார், ‘மலையேறி வரவில்லை’ என்று. அந்த வரியில்தான் மொத்தக் கதையும் இருக்கிறது என்று எனக்குத் தோன்றுகிறது. அவர்கள் மலையேறி வரவில்லையென்றால் கீழே எங்கோ வாழ்ந்திருப்பார்கள் இல்லையா? எங்கள் ஊர்ப் பக்கமே இருக்கலாம். அந்தக் காது வெட்டுப்பட்ட பையன் வளர்ந்திருப்பான், லாரி ஓட்டியிருப்பான், கல்யாணம் செய்திருப்பான். அவனுக்குப் பேரன் பேத்தி இருக்கும்.

இப்போது பேத்தி எலுமிச்சம் பழத்தோடு வந்து தாத்தாவின் எழுத்தைக் கரைத்தால் அந்த ஐம்பது வருட வாழ்க்கை என்ன ஆகும்? பிறந்த பிள்ளைகள் என்ன ஆவார்கள்? திருத்துவது யாருக்காக? அவர்களுக்காகவா, தாத்தாவின் உறுத்தலுக்காகவா? முதல் தடவை அவர்களைக் கேட்காமல் எழுதினார். இரண்டாவது தடவையும் கேட்காமல் அழிக்கப் போகிறீர்களா?

மலைப்பூண்டு

நிலா, மன்னிப்பெல்லாம் வேண்டாம். இரண்டு நாளாக உங்கள் பதிவைத் திறந்து திறந்து படிக்கிறேன். நான் எழுதி வைத்திருந்த கடைசி அத்தியாயத்தில் பேத்தி எலுமிச்சையைப் பிழிகிறாள், மூடுபனி விலகுகிறது, வீடு தெரிகிறது, கூரையில் புகை. அந்தப் பக்கங்களை எடுத்துவிட்டேன். அவை பொய்.

பழைய_கணக்கு

அந்தப் பெண் சொன்னதற்குப் பிறகு, நான் இதுவரை யாரிடமும் விரிவாகச் சொல்லாத ஒன்றைச் சொல்கிறேன்.

நான் பொறுப்பேற்ற ஒரு கிராமத்தில் ஒரு பாட்டிக்கு முதியோர் உதவித்தொகை நின்றுபோயிற்று. போய்ப் பார்த்தால் பதிவில் அவர் இறந்துவிட்டார். அதே பெயருள்ள வேறொருவர் இறந்ததை இவர் வரியில் யாரோ எழுதிவிட்டார்கள். பாட்டி என் மேஜைக்கு முன்னால் நிற்கிறார். கையில் மஞ்சள் பை, அதில் இரண்டு கேரட், எனக்கென்று கொண்டுவந்தது. ‘சாமி, நான் உசுரோடதானே இருக்கேன், நீங்களே பாருங்க’ என்றார். நான் பார்க்கிறேன். ஆனால் நான் பார்ப்பது போதாது. உயிரோடு இருக்கிறார் என்று நான் எழுத வேண்டும், அதை இன்னொருவர் ஏற்க வேண்டும், அவருக்கு மேல் இன்னொருவர். ஏழு மாதம் ஆயிற்று. அந்த ஏழு மாதமும் அவர் கடையில் கடன் வாங்கிச் சாப்பிட்டார். தொகை திரும்ப வந்தபோது பாட்டி கேட்டது ஒன்றுதான்: ‘அந்த ஏழு மாசம் நான் எங்கே இருந்தேன்னு எழுதியிருக்கு?’

எனக்கு அப்போதும் பதில் தெரியவில்லை. உங்கள் மைக்குக் குறிஞ்சித் தேன்கூடத் தேவையில்லை அம்மா. சாதாரண நீல மையே அந்த வேலையைச் செய்வதை நான் பார்த்திருக்கிறேன். அதனால் ஒன்றைக் கெஞ்சிக் கேட்கிறேன். அந்த மை எந்தக் காகிதத்தில் எழுதினாலும் பலிக்கும் என்று எழுதிவிடாதீர்கள். நோட்டில் எழுதினால் பலிக்கக் கூடாது, கடிதத்தில் பலிக்கக் கூடாது. ஊர் எந்தப் புத்தகத்துக்குக் கட்டுப்படுகிறதோ அதில் மட்டும்தான் பலிக்க வேண்டும்.

கடுக்காய்க்கஷாயம்

ஐயா எழுதியதைப் படித்த பிறகு வேதியியல் பேசக் கூச்சமாக இருக்கிறது. இருந்தாலும் இது கதைக்கு உதவும். ஐம்பது வருடம் பழுத்த காகிதத்தில் எலுமிச்சைச் சாறு பட்டால் கறுப்பு போகும், ஆனால் முழுக்கப் போகாது. இரும்பின் பழுப்புத் தடம் தங்கிவிடும். அதைவிட மோசம், ஏற்கெனவே நொய்ந்த இடம் ஈரம் பட்டுப் பிய்ந்துபோகலாம். அங்கே ‘தரிசு’ம் இருக்காது, ‘பூண்டு’ம் இருக்காது. நிலா சொன்ன இரண்டு வாழ்க்கையும் போய்விடும்.

ஆக, சும்மா விட்டாலும் ஒரு நாள் ஓட்டை விழும். தொட்டால் இன்றே விழலாம். பேத்திக்குக் காலம் அதிகம் இல்லை.

தேனடை

அப்படியென்றால் அவள் செய்ய வேண்டியது, ஓட்டை விழுவதற்குள் அந்தக் காது வெட்டுப்பட்டவரைக் கண்டுபிடிப்பது. வயது அறுபதைத் தாண்டியிருக்கும். மலை மேல் அவருக்கு ஒரு நிலம் இருந்தது, அதில் அவர் அம்மா பூண்டு ஊன்றினார் என்று சொல்ல வேண்டும். நம்புவாரா?

நிலா_வத்தலக்குண்டு

நம்ப வேண்டாம். மேலே கூட்டிக்கொண்டு போய் நிலத்தைக் காட்டினால் போதும். குளிரில் அவர் கை தானாகக் காதுக்குப் போகட்டும். எழுதலாமா, அழிக்கலாமா, அப்படியே விடலாமா என்று அவர் சொல்லட்டும். இதை நீங்கள் எழுதினால் முதல் ஆளாக நான் படிப்பேன்.

மலைப்பூண்டு

எழுதப் போகிறேன்.

நேற்று கடுக்காய்க்கஷாயம் சொன்ன அளவில் நானே காய்ச்சிப் பார்த்தேன். கடுக்காய் நாட்டு மருந்துக் கடையில் கிடைத்தது, அன்னபேதியும் அங்கேயே. தாத்தா பெட்டியிலிருந்த பழைய பேரேட்டில் ஒரு வெற்றுத் தாள் எடுத்துக்கொண்டேன். கதைத் தாத்தா இல்லை, என் தாத்தா. மளிகைக் கடை வைத்திருந்தவர். கட்டைப் பேனாவைத் தோய்த்து ‘தரிசு’ என்று எழுதினேன். முதலில் எழுத்து இருக்கிறதா என்றே சந்தேகம். தாளைச் சாய்த்தால்தான் ஈரம் மினுங்கியது. ஜன்னலுக்கு வெளியே பனி இறங்கி எதிர்வீட்டுக் கூரையை மறைத்துவிட்டது. அடுப்பில் டீ கொதித்து நான் திரும்பி வருவதற்குள் ‘த’ சாம்பல் நிறத்துக்கு வந்திருந்தது, ‘சு’ இன்னும் வெளிறியே இருந்தது. எழுதிய வரிசையிலேயே கறுக்கிறது! கடைசி எழுத்து கறுப்பதற்குள் ஒரு ஆள் எழுந்து ஓடிப்போய் எலுமிச்சம் பழம் எடுத்து வந்துவிடலாம். அவ்வளவு நேரம் இருக்கிறது. தாத்தா தூங்காமல் இருந்திருந்தால்.

பக்கத்தில் பாதி எலுமிச்சம் பழம் வெட்டி வைத்திருந்தேன். பிழியவில்லை. இன்று காலை பார்த்தேன், கன்னங்கரேல் என்று நிற்கிறது.

கடைசி அத்தியாயத்தைப் பெரியவர் அந்த மேட்டில் ஏறுகிற இடத்திலிருந்து தொடங்கியிருக்கிறேன். பேத்தி பின்னால் வருகிறாள். பையில் மைக்கூடு, எலுமிச்சை, தாலுகா அலுவலகப் பதிவறையிலிருந்து இரண்டு நாள் தவணை சொல்லி வாங்கிவந்த பசலி 1380 புத்தகம். பெரியவர் ‘எழுது’ என்று சொன்னால் எழுதுவதற்கு 2018-ல் காய்ச்சிய மை. அடுத்த பூப்பு 2030, அதுவரை காகிதம் தாங்காது. என்ன சொல்கிறார் என்று எனக்கும் இன்னும் தெரியவில்லை.

ஐயா, ஒரு கேள்வி. அவர் எழுதச் சொன்னால், புல எண், பயிர், பரப்பு இவ்வளவும் போட்டால் போதுமா?

பழைய_கணக்கு

போதாது அம்மா. உட்பிரிவு எண்ணையும் சரிபார்த்துப் போடச் சொல்லுங்கள். அதை விட்டுவிட்டால் பக்கத்து வயல்காரர் வீடு போய்விடும்.